ராத்திரி வண்டி: கேள்வி – பதில்

இருட்டில் வண்டி ஓட்டுகிறவர்கள் ஹெல்மெட், லைட் பற்றி என்ன சந்தேகம் இருந்தாலும் எழுதுங்கள் என்று போன இதழில் ஒரு மூலையில் போட்டிருந்தோம். நாலைந்து கடிதம் வரும் என்று நினைத்தேன். வந்ததைப் பார்த்தால் ஆம்பூர் ஷூ கம்பெனி ஷிப்ட்காரர்கள், காட்பாடி ஸ்டேஷனுக்குக் கடைசி ரயிலில் வருகிறவர்களைக் கூட்டி வரப் போகிறவர்கள், விடியற்காலை மூன்று மணிக்குப் பால் கறந்து கிளம்புகிறவர்கள் என்று பழைய வட ஆற்காட்டில் பாதிப் பேர் ராத்திரியில்தான் ரோட்டில் இருக்கிறார்கள் போல. ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், நான் மெக்கானிக் இல்லை. சத்துவாச்சாரியில் ஒரு மெக்கானிக் கடை பெஞ்சில் இருபது வருஷமாக டீ குடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பவன், அவ்வளவுதான். ஒரே மாதிரி கேட்டவர்களைச் சேர்த்துப் பதில் சொல்லியிருக்கிறேன். பெயர் போடாதீர்கள் என்று பலர் கேட்டதால் எல்லாருக்கும் ஊர் மட்டும்.

ஆம்பூரில் செகண்ட் ஷிப்ட் முடிந்து ராத்திரி பதினோரு மணிக்கு மேல் பைபாஸில் வீட்டுக்கு வருகிறேன். எதிர்ப்பக்கம் லாரி வந்தால் ஹெல்மெட் கண்ணாடி முழுக்க வெளிச்சம் பரவி ரோடே தெரிவதில்லை. கண்ணாடியைத் தூக்கிவிட்டால் பூச்சி அடிக்கிறது. என்ன விலையில், எந்த மாதிரி ஹெல்மெட் வாங்கலாம் அண்ணா?
– பள்ளிகொண்டா வாசகர்

தம்பி, கடைக்குப் போகிறதுக்கு முன்னால் இப்போது இருக்கிற கண்ணாடியைக் கழற்றி டியூப் லைட்டுக்கு நேராகப் பிடித்துச் சாய்த்துப் பாருங்கள். சிலந்தி வலை மாதிரி வட்டம் வட்டமாக மெல்லிய கீறல் தெரியும். ஷிப்ட் முடிந்து வெளியே வந்ததும் சட்டை நுனியால் ஒரு துடை துடைத்துவிட்டுத்தானே கிளம்புகிறீர்கள்? அதன் மேல் படிந்திருப்பதில் பாதி பொடி மணல். அதை வைத்தே தேய்த்தால் உப்புத்தாள் போட்ட மாதிரிதான். பகலில் அந்தக் கீறல் கண்ணுக்கே படாது. ராத்திரி எதிர் வெளிச்சம் பட்டால் ஒவ்வொரு கீறலும் தனித்தனியாக மின்ன ஆரம்பிக்கும், லாரிக்கு இரண்டு லைட் என்றால் உங்களுக்கு இருநூறு தெரியும். கறுப்புக் கண்ணாடி, ரெயின்போ கண்ணாடி போட்டிருந்தால் இன்னும் மோசம். பகல் வெயிலுக்கு அது சரி, பொழுது சாய்ந்தபிறகு அதைப் போட்டுக்கொண்டு ஓட்டுவது அரைக் கண்ணை மூடிக்கொண்டு ஓட்டுவதற்குச் சமம்.

அதனால் ஹெல்மெட் நல்ல நிலையில் இருந்தால் அதே கம்பெனியின் வெள்ளைக் கண்ணாடி மட்டும் தனியாக வாங்கி மாட்டுங்கள், சாதாரண மாடல்களுக்கு முந்நூறு ரூபாய்க்குள் முடிந்துவிடும். பூச்சி அடித்துக் காய்ந்து போயிருந்தால் சுரண்டாதீர்கள். ஒரு துணியைத் தண்ணீரில் நனைத்துக் கண்ணாடி மேல் விரித்துப்போட்டுவிட்டு ஒரு டீ குடித்துவிட்டு வாருங்கள், ஊறி வழுக்கிக்கொண்டு வந்துவிடும். மாதனூர் பக்கம் ஒரு டீக்கடையில் நான் எப்போதும் செய்வது இதுதான், அந்தக் கடைக்காரருக்கு என் முகத்தைவிட என் ஈரத்துணிதான் அடையாளம். பெட்ரோல், தின்னர் தொட்டுத் துடைக்கிற பழக்கம் சிலருக்கு உண்டு. கண்ணாடி என்று சொல்கிறோமே தவிர அது பிளாஸ்டிக், வெடிப்பு விட்டு மங்கிப்போகும்.

புதுசுதான் வாங்கணும் என்றால் முகத்தை முழுசாக மூடுகிற ஃபுல் ஃபேஸ் வாங்குங்கள், ஆயிரத்தைந்நூறு ரூபாய் சுற்றி வைத்தாலே நல்லது கிடைக்கும். அதற்கு மேல் கொடுக்கிற காசில் கொஞ்சம் பாதுகாப்புக்கும் போகும், நிறைய பெயிண்டுக்கும் படத்துக்கும் போகும். ஐஎஸ்ஐ முத்திரை கட்டாயம். 2021 ஜூன் 1 முதல் ஐஎஸ்ஐ முத்திரை இல்லாத இருசக்கர வண்டி ஹெல்மெட்டைச் செய்வதும் விற்பதுமே குற்றம். ஆனாலும் பைபாஸ் ஓரம் கயிறு கட்டித் தொங்கவிட்டு விற்கிறவற்றில் வெறும் ஸ்டிக்கரை ஒட்டி வைத்திருப்பதும் உண்டு. முத்திரைக்கு மேலே ஐஎஸ் 4151 என்றும் கீழே சிஎம்/எல் என்று தொடங்கும் உரிம எண்ணும் இருக்க வேண்டும். அந்த எண்ணை பிஐஎஸ் கேர் என்கிற ஆப்பில் போட்டால் எந்தக் கம்பெனிக்குக் கொடுத்த உரிமம், இன்னும் செல்லுபடியாகிறதா என்று காட்டும். ஸ்டிக்கரில் ஒரு பெயர், ஆப்பில் வேறு பெயர் என்றால் கீழே வைத்துவிட்டு நடையைக் கட்டுங்கள்.

சைஸ் விஷயத்தில்தான் எல்லாரும் ஏமாறுகிறோம். புருவத்துக்கு மேலே ஒரு அங்குலம் விட்டுத் தலையைச் சுற்றி டெய்லர் டேப்பால் அளந்தால் 58 சென்டிமீட்டர் வருகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள், ஹெல்மெட்டுக்குள் 580 என்று போட்டிருப்பது அதுதான். போட்டுப் பாருங்கள், தாடைப் பக்கத்தைப் பிடித்து இடமும் வலமும் ஆட்டினால் கன்னத்துச் சதையும் கூடவே வர வேண்டும். ஹெல்மெட் மட்டும் சுற்றினால் பெரிசு. அப்புறம் பட்டையை மாட்டிக்கொண்டு பின்பக்கம் கழுத்தோரம் விளிம்பைப் பிடித்து முன்னால் தூக்கிக் கழற்றப் பாருங்கள். கடையில் நின்றுகொண்டு கையால் இழுத்தாலே கழன்று வருகிறது என்றால் அறுபது கிலோமீட்டர் வேகத்தில் விழும்போது தலையில் எப்படி இருக்கும்? அந்தப் பத்து நிமிஷம் கடைக்காரர் முறைப்பார், முறைக்கட்டும்.

ஆரணியில் இருந்து எழுதுகிறேன். வண்டியில் ஹெட்லைட் ரொம்ப மங்கல். ஃபிரண்டு ஒருத்தன் 100 வாட்ஸ் பல்பு போடச் சொல்கிறான், இன்னொருத்தன் ஆன்லைனில் வெள்ளை எல்இடி பல்பு வாங்கி மாட்டச் சொல்கிறான். எது நல்லது ப்ரோ?
– ஆரணி வாசகர்

ப்ரோ, ரெண்டுமே வேண்டாம். உங்கள் வண்டியில் எச்4 பல்பு என்றால் பிரைட்டுக்கு 60, டிம்முக்கு 55 வாட்ஸ். சின்ன வண்டிகளில் வரும் எச்எஸ்1 என்றால் ரெண்டுக்கும் 35தான். ஒயர், சுவிட்சு, ஹோல்டர் எல்லாம் அந்த அளவுக்குத்தான் போட்டிருப்பார்கள். அதில் 100 வாட்ஸை மாட்டினால் முதல் வாரம் ஜோராக இருக்கும். அப்புறம் ஒருநாள் ஹேண்டில் பக்கம் மீன் பொரித்து அடிப்பிடித்த மாதிரி ஒரு நாற்றம் வரும். பெஞ்சில் உட்கார்ந்து அந்த நாற்றத்தை எத்தனையோ தடவை பிடித்திருக்கிறேன். டூமை, அதாவது ஹெட்லைட் கூட்டைக் கழற்றினால் ஹோல்டர் உருகிப் பல்போடு ஒட்டிக்கொண்டு, தனியாகப் பிரிக்கவே வராது.

எல்இடி கதை வேறு. உங்கள் டூமுக்குள் இருக்கிற வளைந்த வெள்ளித் தட்டு ஹாலஜன் பல்பின் இழை எந்த இடத்தில் இருக்குமோ அந்த இடத்தைக் கணக்குப் பண்ணி வளைத்தது. எல்இடியில் வெளிச்சம் வருகிற இடம் ஒரு மில்லிமீட்டர் அப்படி இப்படிப் போனாலும் போதும், வெளிச்சம் ரோட்டில் விழாமல் மரத்து மேலும் எதிரில் வருகிறவர் கண்ணிலும் தெறிக்கும். முன் டயருக்குப் பக்கத்தில் பளீரென்று இருப்பதால் நமக்கு என்னவோ பெரிய வெளிச்சம் மாதிரி தோன்றும், தூரத்தில் பார்த்தால் முன்பைவிட இருட்டு. கம்பெனியிலேயே எல்இடியோடு வருகிற வண்டியைச் சொல்லவில்லை, அது டூமையே அதற்காகச் செய்தது.

சரி, மங்கலுக்கு என்ன செய்வது? முதலில் டூம் கண்ணாடியைப் பாருங்கள். வேலூர், ஆரணி வெயிலில் நாலு வருஷம் நின்ற வண்டிக்குப் பிளாஸ்டிக் டூம் மஞ்சளடித்துப் பழைய மூக்குக் கண்ணாடி மாதிரி ஆகியிருக்கும். பாலிஷ் போட்டால் கொஞ்ச நாள் தெளியும், ரொம்ப மோசம் என்றால் மாற்றத்தான் வேண்டும். அடுத்தது பல்பைக் கழற்றிப் பாருங்கள், கண்ணாடிக்குள் கறுப்புப் படிந்திருந்தால் அதன் காலம் முடிந்தது, அதே வாட்ஸில் புதுசு போடுங்கள். போடும்போது பல்பின் கண்ணாடியைக் கையால் தொடாதீர்கள், விரல் எண்ணெய் பட்ட இடம் சூடேறிச் சீக்கிரம் போய்விடும்.

அதிலும் சரியாகவில்லை என்றால் எர்த், அதாவது கரண்ட் பேட்டரிக்குத் திரும்பிப் போகிற இணைப்பு. இதை யாரும் பார்ப்பதே இல்லை. பேட்டரி முனையிலும் எர்த் போல்ட்டிலும் பச்சை பிடித்துப்போயிருந்தால் பல்புக்குப் போகிற வோல்ட் குறையும். 12 வோல்ட் போக வேண்டிய இடத்தில் 10.8தான் போகிறது என்று வையுங்கள், பத்தில் ஒரு பங்குதானே குறைவு என்று தோன்றும், ஆனால் ஹாலஜன் பல்பில் வெளிச்சம் கிட்டத்தட்ட 30 சதவீதம் போய்விடும். உப்புத்தாளில் தேய்த்து, முறுக்கி, கொஞ்சம் வாசலின் தடவினால் போதும். பத்து ரூபாய் வேலைதான், ஆனால் இதை எந்த ஃபிரண்டும் சொல்லமாட்டான்.

கடைசியாகச் சுவர் வேலை. சமதரையில் சுவரிலிருந்து 5 மீட்டர் தள்ளி வண்டியை நிறுத்துங்கள், ஸ்டாண்ட் போடக்கூடாது, நீங்கள் வழக்கமாக உட்காருகிற மாதிரி மேலே உட்காருங்கள். டூமின் நடு மையம் தரையிலிருந்து எவ்வளவு உயரமோ அதே உயரத்தில் சுவரில் சாக்பீஸால் ஒரு கோடு போடச் சொல்லுங்கள். டிம் போட்டால் வெளிச்சத்தின் மேல் விளிம்பு அந்தக் கோட்டுக்கு நாலு விரல் கீழே விழ வேண்டும். மேலே அடித்தால் எதிரில் வருகிறவர் உங்களைத் திட்டுகிறார், ரொம்பக் கீழே அடித்தால் நீங்கள் உங்கள் முன் டயரை மட்டும் பார்த்துக்கொண்டு போகிறீர்கள். டூமுக்கு அடியிலோ பக்கத்திலோ ஒரு ஸ்க்ரூ இருக்கும், அதைத் திருப்பினால் ஏறும், இறங்கும். பின்னால் ஆளோ மூட்டையோ ஏற்றினால் வண்டி பின்பக்கம் அமுங்கி லைட் மேலே தூக்கும், தினமும் டபுள்ஸ் போகிறவர் ஆளை உட்காரவைத்தே பார்த்துக்கொள்ள வேண்டும்.

இதெல்லாம் செய்தாலும் டிம்மில் நன்றாகத் தெரிவது 30, 40 மீட்டர்தான். 60 கிலோமீட்டர் வேகத்தில் வண்டி ஒரு வினாடிக்கு கிட்டத்தட்ட 17 மீட்டர் போகிறது. எதையோ பார்த்து, மாடா ஆளா என்று மண்டையில் உறைத்து, கை பிரேக்கைப் பிடிப்பதற்குள் 25 மீட்டர் போயிருக்கும், அதற்கப்புறம் வண்டி நிற்க இன்னொரு 20 மீட்டர். கூட்டிப் பாருங்கள். அதே 40 கிலோமீட்டர் என்றால் மொத்தமே 26 மீட்டருக்குள் முடிந்துவிடும். ஆரணி – கண்ணமங்கலம் ரோட்டில் மாடு படுத்திருக்கிற இடமெல்லாம் உங்களுக்கு என்னைவிட நன்றாகத் தெரியும்.

எங்க நைனா தினம் விடியற்காலை மூணு மணிக்கு மொபெட்டில் பால் கேன் கட்டிக்கொண்டு போகிறார். ஹெல்மெட் போடச் சொன்னால் "அந்நேரத்துக்கு எந்தப் போலீஸ் நிக்கறான்" என்கிறார். லைட்டும் சரியில்லை. அவருக்கு என்ன வாங்கித் தரலாம்?
– ஒடுகத்தூர் வாசகி

உங்கள் கடிதத்தைப் படித்ததும் எனக்கு அணைக்கட்டு ரோடுதான் ஞாபகம் வந்தது. அஞ்சாறு வருஷம் முன்னால், மார்கழி மாசம், ராத்திரி பத்தரை இருக்கும். எதிரில் ஒரு வேன் பிரைட்டிலேயே வருகிறது. நானும் என்ன செய்தேன், அந்த லைட்டையே முறைத்துப் பார்த்துக்கொண்டு திட்டிக்கொண்டே போனேன். வேன் தாண்டியதும் ரெண்டு மூணு வினாடி கும்மிருட்டு. அந்த இருட்டுக்குள் என் ஹெல்மெட் கண்ணாடியில் சரசரவென்று ஏதோ உரசுகிறது. கரும்புத் தோகை! ஓரத்தில் நிறுத்தியிருந்த கரும்பு டிராக்டர், டேஞ்சர் லைட் கிடையாது, ஸ்டிக்கர் கிடையாது, டிரெய்லருக்கு வெளியே மூன்று அடிக்குக் கரும்பு நீட்டிக்கொண்டிருக்கிறது. ஹேண்டிலை வெட்டித் திருப்பினேன், இடது மிரர் போச்சு, முழங்கை தேய்ந்தது, அதோடு தப்பித்தேன். டிராக்டர்காரர் சக்கரத்துக்குப் பக்கத்தில் உட்கார்ந்து பீடி பிடித்துக்கொண்டிருந்தார், "பாத்து வரக்கூடாதா சார்" என்றார். கண்ணாடி மூடியிருந்ததால் தோகை கண்ணில் அடிக்கவில்லை, அதைத்தான் இன்றைக்கும் நினைத்துக்கொள்கிறேன். எதிர் வெளிச்சம் கூசினால் அதைப் பார்க்காதீர்கள், ரோட்டின் இடது ஓர வெள்ளைக் கோட்டைப் பார்த்துக்கொண்டு வேகத்தைக் குறையுங்கள் என்று நைனாவிடம் இந்தக் கதையோடு சேர்த்துச் சொல்லுங்கள்.

அவர் வண்டியைப் பொறுத்தவரை பெரிய சிக்கல் முன் லைட் இல்லையம்மா, பின்பக்கம்தான். கேன் ரெண்டு பக்கமும் தொங்கினால் இண்டிகேட்டர் மறைந்துபோகும், மேலே சாக்கையும் போட்டுக் கட்டினால் டேஞ்சர் லைட்டும் போச்சு. பின்னால் வருகிற பஸ்காரருக்கு அவர் இருட்டில் நகர்கிற ஒரு கறுப்பு மூட்டை. ஒருநாள் கேன் கட்டியபிறகு இருபதடி பின்னால் நின்று பாருங்கள், எவ்வளவு தெரிகிறது என்று.

வாங்க வேண்டியது ரேடியம் ஸ்டிக்கர் என்று நாம் சொல்கிற ரிஃப்ளெக்டர் டேப். அதிலும் தினுசு உண்டு. கடையில் செல்போன் டார்ச்சைக் கண்ணுக்குப் பக்கத்தில் பிடித்துக்கொண்டு பத்தடி தள்ளி நின்று பார்க்க வேண்டும். சும்மா பளபளப்பு மட்டும் இருப்பது தெரியாது, உள்ளே தேன்கூடு மாதிரி கட்டம் கட்டமாக இருப்பது லைட் போட்ட மாதிரி திருப்பியடிக்கும். லாரிக்கு ஒட்டுவது அதுதான், மீட்டர் கணக்கில் வெட்டிக் கொடுப்பார்கள். பின்னால் சிவப்பு, பக்கவாட்டில் மஞ்சள், முன்னால் வெள்ளை, மாற்றி ஒட்டாதீர்கள், பார்க்கிறவருக்கு வண்டி எந்தப் பக்கம் போகிறது என்று குழம்பும். கேன் மேல் ஒட்டினால் தினம் தேய்த்துக் கழுவுவதில் ஒரு மாசம்கூட நிற்காது, கேன் மாட்டுகிற இரும்புக் கம்பியிலும் மட்கார்டிலும் ஒட்டுங்கள். டேஞ்சர் லைட்டையே கம்பியின் பின் முனைக்கு ஒயர் இழுத்து மாற்றித் தருவார்கள், உள்ளூர் எலெக்ட்ரீஷியனுக்கு அரை மணி நேர வேலை. பழைய மொபெட்டுகளில் வேகம் குறைந்தால் லைட்டும் மங்கும், எந்த மேடு பள்ளத்தில் வெளிச்சம் அதிகம் வேண்டுமோ அங்கேதான் குறையும். அதற்கு ஒரு நல்ல டார்ச்சைக் கூடுதலாக ஹேண்டிலில் கட்டிக்கொடுங்கள், தரையைப் பார்க்கிற மாதிரி.

ஹெல்மெட்? வெள்ளை அல்லது மஞ்சள் நிறம் வாங்குங்கள், பின்னந்தலையில் உள்ளங்கை நீளத்துக்கு அதே டேப்பை ஒட்டுங்கள். போலீஸ் பேச்சையே எடுக்காதீர்கள், அந்த வாதத்தில் அவர்தான் ஜெயிப்பார். ஒடுகத்தூர் பக்கம் காட்டுப்பன்றி குறுக்கே ஓடுகிறதே, அதைச் சொல்லுங்கள். பன்றிக்கு நேரம் காலம் கிடையாது.

காட்பாடியில் ஸ்கூட்டர் ஓட்டுகிறேன். கொண்டை போட்டு, பூ வைத்தால் ஹெல்மெட் தலையில் உட்காரவே மாட்டேன் என்கிறது. பக்கத்தில்தானே போகிறாய், தொப்பி மாதிரி இருக்கிற பாதி ஹெல்மெட் போதும் என்கிறார் வீட்டுக்காரர். மூன்றரை வயதுப் பையனுக்கும் வேண்டுமா?
– காந்திநகர் வாசகி

வீட்டுக்காரரை ஒருமுறை கண்ணாடி முன்னால் நிற்கச் சொல்லித் தாடையைத் தொட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். பாதி ஹெல்மெட் அதை மூடாது, ஸ்கூட்டரிலிருந்து முன்னால் விழுந்தால் முகம்தான் முதலில் ரோட்டில் படும். கொண்டை மேல் ஹெல்மெட்டை வைத்தால் பின்பக்கம் தூக்கிக்கொண்டு முன்பக்கம் கண்ணை மறைக்கும், தலையில் எங்கேயும் சரியாக உட்காராது. முடியைக் கழுத்துக்குக் கீழே தாழ்வாகப் பின்னிக்கொள்ளுங்கள், பூவை ஒரு டிபன் பாக்ஸில் போட்டுக்கொண்டு போய் இறங்கியபிறகு வையுங்கள். எங்கள் வீட்டில் அப்படித்தான், மல்லி வாடுவதும் இல்லை. ஓட்டுகிறவர், பின்னால் உட்காருகிறவர் ரெண்டு பேருக்கும் ஹெல்மெட் கட்டாயம், இல்லையென்றால் தமிழ்நாட்டில் 1,000 ரூபாய் அபராதம்.

பையன் விஷயத்தில் சட்டமும் தெளிவாக இருக்கிறது. ஒன்பது மாதத்துக்கு மேல் நாலு வயதுக்குள் இருக்கிற குழந்தைக்கு ஹெல்மெட், ஓட்டுகிறவரோடு சேர்த்துக் கட்டுகிற பாதுகாப்புப் பட்டை ரெண்டும் வேண்டும், வேகம் 40 கிலோமீட்டரைத் தாண்டக்கூடாது. 2022-ல் அறிவித்து 2023 பிப்ரவரியிலிருந்து நடைமுறை. ராத்திரியில் அந்தப் பட்டை இன்னும் முக்கியம், பையன் தூங்கிச் சாய்ந்துவிடுவான். "வளர்கிற பிள்ளை" என்று பெரிய சைஸ் ஹெல்மெட் வாங்காதீர்கள், யூனிபார்ம் இல்லை இது.

ராத்திரி ஓட்ட மஞ்சள் மூக்குக் கண்ணாடி விற்கிறார்களே, போட்டால் எதிர் வெளிச்சம் கூசாதாமே?
– குடியாத்தம் வாசகர்

கூசுவது கொஞ்சம் குறையலாம், வருகிற வெளிச்சத்தையே அது குறைக்கிறதால். கூடவே ரோட்டில் நடந்து போகிற ஆளும் மங்கிப்போவார். அந்தக் காசில் கண் பவர் பாருங்கள். பகலில் தெரியாத சின்னப் பவர் ராத்திரியில்தான் காட்டிக்கொடுக்கும், நாற்பது தாண்டியவர் என்றால் புரை ஆரம்பித்திருந்தாலும் லைட்டைச் சுற்றி வளையம் தெரியும். வேலூரில் கண் பார்க்க இடத்துக்கா பஞ்சம், ஆரணி ரோட்டில் ஷெல் கண் ஆஸ்பத்திரியே இருக்கிறது.

மார்கழியில் ஏலகிரி அடிவாரத்தில் காலை ஐந்து மணிக்குப் போனால் ஹெல்மெட்டுக்குள் ஆவி படிந்துவிடுகிறது. மலை ஏறும்போது வளைவில் லைட்டும் உதவுவதில்லை.
– ஜோலார்பேட்டை வாசகர்

பாத்திரம் தேய்க்கிற லிக்விட் ஒரு சொட்டு உள்பக்கம் தடவிக் காயவிட்டு மெத்தென்ற துணியால் லேசாகத் துடைத்துவிடுங்கள், ரெண்டு நாள் தாங்கும். கண்ணாடியை ஒரு விரல் அளவு திறந்து வைத்தாலும் ஆவி நிற்காது. பனி அடர்த்தியாக இருந்தால் பிரைட் போடாதீர்கள், வெள்ளைச் சுவர் மாதிரி திருப்பி நம் கண்ணிலேயே அடிக்கும், டிம்தான். வளைவுக்கு வழி கிடையாது, ஹேண்டில் திரும்பினபிறகுதான் லைட் திரும்பும், 14 கொண்டை ஊசி வளைவிலும் அப்படித்தான். ஒவ்வொன்றுக்கும் முன்னால் பிரைட் – டிம் ரெண்டு தடவை அடித்து, ஹாரனும் கொடுத்து, இடது ஓரத்தை விடாமல் திரும்புங்கள். எதிரில் இறங்குகிறவர் லைட் பாறையில் முன்கூட்டியே தெரியும், ராத்திரியில் இருக்கிற ஒரே வசதி அது.

நான் ரிட்டயர்ட் ஆசிரியர். சாயங்காலம் ஆறரைக்கு மேல் சைக்கிள் ஓட்டுகிறேன். மகன் ஹெல்மெட், லைட் எல்லாம் வாங்கச் சொல்கிறான். அந்தக் காலத்தில் டைனமோவோடு போதுமே?
– பாகாயம் வாசகர்

சார், டைனமோ இல்லாமல் போனால் போலீஸ்காரர் காற்றைப் பிடுங்கிவிட்ட காலம் எனக்கும் ஞாபகம் இருக்கிறது. டயரில் உரசிக்கொண்டு "ர்ர்ர்" என்று வரும், மிதிக்க மிதிக்கத்தான் வெளிச்சம், நின்றால் அணைந்துவிடும். அப்போது பாகாயத்துக்கு மணிக்கு நாலு லாரி வந்திருக்கும். இப்போது மிதியை நிறுத்திவிட்டு வலது பக்கம் திரும்பக் காத்திருக்கிற அந்த அரை நிமிஷத்தில்தான் உங்களுக்கு லைட் வேண்டும்.

மகன் சொல்வதைக் கேளுங்கள், ஆனால் கடைக்காரர் சொல்கிற ஆயிரம் லூமென் (வெளிச்சத்தை அளக்கிற கணக்கு) எல்லாம் வேண்டாம். தெருவிளக்கு உள்ள இடத்துக்கு நூறு போதும், பாகாயம் தாண்டி இருட்டு ரோட்டுக்கு 200, 300 லூமென் போதும், செல்போன் சார்ஜரில் ஏற்றுகிற மாதிரி வாங்குங்கள். முன் லைட்டை நிலையாக எரியவிடுங்கள், விட்டுவிட்டு எரிந்தால் எதிரில் வருகிறவருக்கு உங்கள் தூரம் பிடிபடாது. பின்னால் சிவப்பு. சைக்கிளை எங்கே நிறுத்தினாலும் ரெண்டையும் கழற்றிப் பைக்குள் போட்டுக்கொள்ளுங்கள், அடுத்த நாள் அது இருக்காது. பெடலில் இருக்கிற மஞ்சள் ரிஃப்ளெக்டர் உடைந்திருந்தால் முதலில் அதை மாற்றுங்கள். இல்லாவிட்டால் கணுக்காலில் ரிஃப்ளெக்டர் பட்டை ஒன்று கட்டிக்கொள்ளுங்கள். மேலும் கீழும் போய்வருகிற வெளிச்சத்தைப் பார்த்ததுமே பின்னால் வருகிறவர் மூளைக்கு அது மனுஷக் கால், சைக்கிள் என்று பட்டுவிடும், முதுகில் ஒட்டினால் அவ்வளவு சீக்கிரம் படாது. வேஷ்டி கட்டிக்கொண்டு ஓட்டுவீர்கள் என்றால் அந்தப் பட்டை வேஷ்டி செயினில் மாட்டாமலும் பார்த்துக்கொள்ளும்.

ஹெல்மெட் சைக்கிளுக்கென்றே விற்பது வாங்குங்கள், ஈஎன் 1078 என்ற தர எண் உள்ளே போட்டிருக்கும். பைக் ஹெல்மெட்டை மாட்டிக்கொண்டு வேலூர் வெயில் அடங்கின சாயங்காலத்திலும் மிதிக்க முடியாது, அரை கிலோமீட்டரில் கழற்றிக் கேரியரில் வைத்துவிடுவீர்கள். புருவத்துக்கு மேலே ரெண்டு விரல் இடம் விட்டு நேராக உட்கார வேண்டும், சின்னப் பிள்ளைகள் மாதிரி பின்னால் சாய்த்துப் போட்டால் நெற்றி மொத்தமும் வெளியே.

பௌர்ணமிக்கு வேலூரிலிருந்து திருவண்ணாமலைக்கு நண்பர்களோடு ராத்திரி பைக்கில் போகலாமா?
– கணியம்பாடி வாசகர்

போகலாம், ஆனால் அன்றைக்கு ரோடு உங்களுடையது இல்லை. கண்ணமங்கலம், போளூர் வழியாக எண்பது கிலோமீட்டருக்கு மேல், ஊரை நெருங்க நெருங்க ஓரத்தில் நடக்கிறவர்கள் அதிகமாகிக்கொண்டே வருவார்கள். நிலா வெளிச்சத்தை நம்பி வேகத்தை ஏற்றாதீர்கள், மரத்து நிழலுக்குள் நுழைந்ததும் கண் இருட்டிவிடும். நாலு வண்டி என்றால் பக்கத்தில் பக்கத்தில் பேசிக்கொண்டு போகாமல் முன்னும் பின்னுமாகப் போங்கள், முன் வண்டி கண்ணாடியில் பிரைட் அடிக்காதீர்கள். திரும்பி வருவதை விடிந்தபிறகு வைத்துக்கொள்ளுங்கள். கிரிவலம் நடந்த காலோடு, தூங்காத கண்ணோடு மூன்று மணிக்குக் கிளம்புகிறவர்களைப் பார்த்தால்தான் எனக்கு வயிற்றைக் கலக்குகிறது.

பெட்ரோல் டேங்க் மேல் வைத்த ஹெல்மெட் கீழே விழுந்துவிட்டது. மேலே ஒரு சின்னக் கீறல்தான். இனி போடலாமா?
– வாலாஜா வாசகர்

காலியாக, அந்த உயரத்திலிருந்து ஒருமுறை விழுந்தது என்றால் பெரும்பாலும் ஒன்றும் ஆகியிருக்காது. உள்துணியை எடுத்துவிட்டு தெர்மாகோலைப் பாருங்கள், வெடிப்போ பள்ளமோ இருக்கிறதா, மேல் ஓட்டிலிருந்து பிரிந்திருக்கிறதா என்று தடவிப் பாருங்கள். அடியை வாங்குவது மேல் ஓடு இல்லை, அந்தத் தெர்மாகோல்தான், தான் நசுங்கித் தலையைக் காப்பாற்றுகிறது, ஒருமுறை நசுங்கினால் திரும்ப எழும்பாது. தலை உள்ளே இருக்கும்போது விழுந்து அடிபட்ட ஹெல்மெட் என்றால் வெளியே பளபளவென்று இருந்தாலும் வேண்டாம். அடியே படாவிட்டாலும் தினம் போடுகிறவர் அஞ்சு வருஷத்தில் மாற்றிவிடுவது நல்லது, வியர்வையும் எண்ணெயும் உள்ளே இருப்பதைத் தின்றுவிடும்.

பழையதைத் தூக்கி எறிவதாக இருந்தால் பட்டையைக் கத்தரித்துவிட்டு எறியுங்கள், இல்லாவிட்டால் அது எங்கேயாவது துடைத்து ஸ்டிக்கர் ஒட்டி மறுபடியும் கயிற்றில் தொங்கும். எங்கள் வீட்டில் பட்டை அறுத்த ஹெல்மெட்டை ஆயா எடுத்துக்கொண்டு போய் மொட்டை மாடியில் கவிழ்த்து வைத்து, அடியில் ஓட்டை போட்டு, மண் நிரப்பிப் புதினா வைத்துவிட்டார். தெர்மாகோல் இருப்பதால் வெயிலில் மண் காய்வதில்லையாம்.